பழைய மதர்போர்டு: ஸ்பெக், ஜம்பர் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கடலூரிலும் புதுச்சேரியிலும் பழைய டெஸ்க்டாப்பை இன்னும் ஓட்டிக்கொண்டிருப்பவர்களும், காந்தி வீதி சண்டே மார்க்கெட்டில் பேரம் பேசி ஒரு போர்டை வாங்கிவிட்டு வீட்டுக்கு வந்து முழிப்பவர்களும் கேட்கிற கேள்விகள் இவை. பென்டியம் காலத்து சாக்கெட் 7 போர்டில் தொடங்கி பென்டியம் 4 காலம் வரைக்கும் பதில் பொருந்தும். அதற்குப் பிறகு வந்த போர்டுகளில் ஜம்பர் (பின்களில் மாட்டி செட்டிங்கை மாற்றுகிற குட்டித் தொப்பி) என்று மிச்சம் இருப்பது பெரும்பாலும் சீமாஸ் கிளியர் ஒன்றுதான், அதாவது பயாஸ் (ஆன் செய்ததும் முதலில் ஓடுகிற, போர்டின் சொந்த புரோகிராம்) செட்டிங்கை அழிப்பது.

இதையெல்லாம் எடைக்குப் போட்டுவிட்டுப் புதுசு வாங்கினால் என்ன?

பாட்டு கேட்க, படம் பார்க்க என்றால் தாராளமாகப் போடுங்கள். ஆனால் பாரலல் போர்ட்டில் டாங்கிள் செருகினால்தான் திறக்கும் பழைய தமிழ் டைப்செட்டிங் சாஃப்ட்வேரை வைத்துக் கல்யாணப் பத்திரிகை அடிக்கிற கடை, ஃபாக்ஸ்புரோவில் எழுதிய பில்லிங்கும் ஒரு டாட் மேட்ரிக்ஸ் பிரிண்டருமாக ஓடுகிற மண்டி, ஐஎஸ்ஏ என்ற பழைய ரக ஸ்லாட் கார்டு வழியாக மட்டுமே பேசத் தெரிந்த ஒரு மெஷினை வைத்திருக்கிற பட்டறை, இவர்களிடம் போய் அப்படிச் சொல்ல முடியாது. மெஷின் நன்றாக இருக்கும், சாஃப்ட்வேர் எழுதிக் கொடுத்த ஆள்தான் ஊரிலேயே இருக்க மாட்டார். அந்த இடத்தில் போர்டைக் காப்பாற்றுவதுதான் மலிவு.

மேனுவல் இல்லை. போர்டின் மாடலை எப்படிக் கண்டுபிடிப்பது?

முதலில் கேபினெட்டைத் திறந்து, டார்ச் அடித்து, கார்டு செருகுகிற பிசிஐ ஸ்லாட்டுகளுக்கு நடுவிலும் ராம் ஸ்லாட்டுக்குப் பக்கத்திலும் பெரிய எழுத்தில் அச்சடித்திருப்பதைப் பாருங்கள். மாடல் பெயர் அங்கேதான் இருக்கும். பார்கோடு ஒட்டின ஸ்டிக்கரில் இருப்பது சீரியல் நம்பர், அதை வைத்துத் தேடினால் ஒன்றும் கிடைக்காது. இன்டெல் தயாரித்த போர்டு என்றால் மட்டும் விதிவிலக்கு: அதில் 'ஏஏ' என்று தொடங்கும் எண் ஒட்டியிருக்கும், போர்டின் எந்தப் பதிப்பு என்பது அதை வைத்துத்தான் தெரியும்.

மாடலோடு 'ரெவ்' என்று ஒரு எண் இருக்கும், 1.0, 1.1, 2.0 மாதிரி. அதையும் எழுதிக்கொள்ளுங்கள். ஒரே மாடலில் இரண்டு ரெவிஷனுக்கு ஜம்பர் இடமே மாறியிருக்கும், ஒன்று ஏற்கிற பிராசஸரை இன்னொன்று ஏற்காது.

ஒரு குழப்பத்தை இங்கேயே தீர்த்துவிடலாம். நடுவில் இருக்கும் பெரிய சிப்பில் இன்டெல் என்று போட்டிருப்பதைப் பார்த்து 'இன்டெல் போர்டு' என்று விற்பார்கள். அது சிப்செட், பிராசஸரையும் ராமையும் மற்றதையும் இணைக்கிற சிப். போர்டு யார் செய்தது என்பது வேறு விஷயம்.

அச்சு அழிந்திருந்தால், போர்டு ஆன் ஆகிற நிலையில் இருந்தால், பவர் போட்டதும் கீபோர்டில் பாஸ் (Pause) பட்டனை அழுத்துங்கள். அவார்டு பயாஸ் என்றால் திரையின் அடியில் தேதியும் சிப்செட்டும் கலந்த நீளமான ஒரு வரிசை நிற்கும். அதில் கடைசிக்கு முந்தைய துண்டின் ஆறாவது, ஏழாவது எழுத்துகள் தயாரிப்பாளரைக் காட்டும். 'ஏ0' என்றால் ஆசஸ், 'ஜி0' என்றால் கிகாபைட். இதையும் செல்போனில் படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள், கையால் எழுதினால் பூஜ்யமும் ஓவும் மாறிப்போகும்.

ஸ்பெக் என்று நாலு வரி போட்டிருக்கிறான், ஒன்றும் புரியவில்லை. எதைப் பார்த்து வாங்குவது?

ஒரு உதாரணத்தையே எடுத்துக்கொள்வோம்: "சாக்கெட் 370, இன்டெல் 815ஈ, எஃப்எஸ்பி 66/100/133, 3 டிம், ஏஜிபி 4எக்ஸ், யுடிஎம்ஏ 100."

சாக்கெட் 370 என்பது பிராசஸர் உட்காரும் துளைகளின் எண்ணிக்கை. ஆனால் துளை பொருந்துவதாலேயே பிராசஸர் ஓடும் என்று அர்த்தமில்லை, இங்கேதான் நிறையப் பேர் காசை விடுகிறார்கள். முதலில் வந்த சாக்கெட் 370 போர்டுகள் பழைய செலரானை மட்டும்தான் ஏற்கும், காப்பர்மைன் பென்டியம் 3 போட்டால் டிஸ்ப்ளே வராது. அதற்கும் பின்னால் வந்த டுவாலட்டின் ரகத்துக்கு, அதே 815-இலேயே பின்னாடி வந்த பி-ஸ்டெப் சிப்செட் போர்டு வேண்டும். மூன்றுக்கும் துளை ஒன்றுதான்.

815ஈ என்ற சிப்செட் பெயரிலேயே மீதிப் பாதி விஷயம் அடங்கியிருக்கிறது. 815 குடும்பம் 512 எம்பிக்கு மேல் ராமைப் பார்க்காது. விற்பவர் மூன்று டிம்மை, அதாவது ராம் ஸ்லாட்டைக் காட்டி மூன்றிலும் 256 போடலாம் என்று சொன்னால் தலையாட்டிவிட்டு நகர்ந்துவிடுங்கள். 'ஈ' என்ற எழுத்து ஹார்ட் டிஸ்க் வேகத்துக்கானது: வெறும் 815 என்றால் யுடிஎம்ஏ 66, 815ஈ என்றால் 100. அந்த வேகம் கிடைக்க 80 கம்பி ஐடிஇ கேபிள் போட வேண்டும், பழைய 40 கம்பி கேபிளில் 33-ஐத் தாண்டாது. இரண்டுக்கும் முனையில் 40 துளைதான், கம்பி மெலிசாக நெருக்கமாக இருந்தால் அது 80.

எஃப்எஸ்பி என்பது பிராசஸரும் சிப்செட்டும் பேசிக்கொள்ளும் வேகம். பென்டியம் 4-இல் 400, 533, 800 என்று எழுதியிருப்பார்கள், உண்மையான கிளாக் அதில் கால்வாசி: 100, 133, 200. ஏஎம்டியின் அத்லானில் பாதி. 333 என்று எழுதியிருந்தால் ஜம்பரில் 166 என்று தேடுங்கள். ஜம்பர் அட்டவணையில் 333-ஐக் காணோமே என்று கேட்பவர்களுக்குப் பதில் இதுதான்.

ஏஜிபி ஸ்லாட் இருக்கிறது. கையில் இருக்கிற எந்த ஏஜிபி கார்டையும் போடலாமா?

கூடாது. ஏஜிபி என்பது டிஸ்ப்ளே கார்டுக்கான ஸ்லாட். பழைய ஏஜிபி 3.3 வோல்ட், பின்னால் வந்தது 1.5 வோல்ட். இன்டெல் 845 முதலான பென்டியம் 4 சிப்செட் போர்டுகள் 1.5 வோல்ட் மட்டும்தான் தாங்கும், 3.3 வோல்ட் கார்டு போய் உட்கார்ந்தால் சிப்செட்டே போய்விடும். தடுக்கத்தான் கார்டில் வெட்டு வைத்திருக்கிறார்கள். பிராக்கெட்டுக்கு (கேபினெட்டில் திருகுகிற தகடு) கிட்டே வெட்டு இருந்தால் 3.3, தள்ளி இருந்தால் 1.5, இரண்டிலும் வெட்டு இருந்தால் இரண்டுக்கும் சரி. ஆனால் சில பழைய கார்டுகளில் 3.3 வோல்ட்டே ஆனாலும் இரண்டு வெட்டும் போட்டு அனுப்பிவிட்டான் தயாரிப்பாளர், அதனால் வெட்டை மட்டும் நம்பாமல் கார்டின் மாடலையும் பார்த்துவிடுங்கள்.

ஜம்பர் என்றால் உண்மையில் என்ன? அந்தக் குட்டித் தொப்பி என்ன செய்கிறது?

இரண்டு பின்னை ஒன்றாகச் சேர்க்கிறது, அவ்வளவுதான். பிளாஸ்டிக்குக்குள் ஒரு செம்புத் தகடு இருக்கிறது, அது இரண்டு பின்னையும் கவ்வி ஷார்ட் செய்கிறது. அதைப் பார்த்து போர்டு "இவன் 100 மெகாஹெர்ட்ஸ் கேட்கிறான்" என்றோ "சீமாஸை அழிக்கச் சொல்கிறான்" என்றோ புரிந்துகொள்கிறது. இரண்டு பின் இருந்தால் போட்டிருக்கிறதா, இல்லையா என்பதுதான் செட்டிங். மூன்று பின் இருந்தால் 1-2, இல்லையென்றால் 2-3. ஒரே பின்னில் தொப்பி தொங்கிக்கொண்டிருந்தால் பயப்பட வேண்டாம், தொலையாமல் இருக்க அங்கே நிறுத்தி வைத்திருக்கிறார்கள், மின்சார ரீதியாக அது 'ஓபன்'.

எது முதல் பின் என்பதுதான் அடுத்த சந்தேகம். பின் வரிசையின் ஒரு முனையில் '1' என்று அச்சடித்திருக்கும், அல்லது வெள்ளைக் கோடு தடிமனாக இருக்கும், அல்லது ஒரு மூலை வெட்டியது போல இருக்கும். மூன்றும் இல்லையென்றால் போர்டைத் திருப்பி அடிப்பக்க ஈயத்தைப் பாருங்கள். மற்ற பின்களின் ஈயப் பொட்டு வட்டமாக இருக்கும், முதல் பின்னுடையது மட்டும் சதுரம். போர்டு கேபினெட்டில் மாட்டியிருந்தால் பார்க்க முடியாது, அதனால் கழற்றின நேரத்திலேயே பார்த்து மார்க்கர் பேனாவால் மேல்பக்கம் ஒரு புள்ளி வைத்துவிடுவது நல்லது.

தொப்பி, பின் எல்லாம் ஒரே அளவு இல்லை. போர்டில் வழக்கமாக இருப்பது 2.54 மில்லிமீட்டர் இடைவெளி, சில இடங்களில் 2 மில்லிமீட்டர் குட்டி ரகமும் உண்டு. பெரியதைச் சின்னதில் திணித்தால் பின் வளையும்.

பாஸ்வேர்டு மறந்துவிட்டது. சீமாஸ் கிளியர் செய்வது எப்படி?

மெயின் ஒயரைச் சுவரிலிருந்து பிடுங்குங்கள். பவர் பட்டனை அணைத்தால் போதாது. ஏடிஎக்ஸ் எஸ்எம்பிஎஸ் (பவர் சப்ளைப் பெட்டி) அணைந்திருக்கும்போதும் போர்டுக்கு 5 வோல்ட் ஸ்டாண்ட்பை போய்க்கொண்டேதான் இருக்கும், சில போர்டுகளில் அதைக் காட்டவே ஒரு குட்டி எல்இடி எரியும். பிடுங்கிய பிறகு பவர் பட்டனை ஒரு தடவை அழுத்திவிட்டால் மிச்ச கரண்ட்டும் இறங்கிவிடும்.

பேட்டரிக்குக் கிட்டே மூன்று பின் ஜம்பர் இருக்கும், பக்கத்தில் 'கிளியர் சீமாஸ்' என்ற பொருளில் ஒரு சுருக்கப் பெயர். பெரும்பாலான போர்டுகளில் 1-2 சாதாரண நிலை, 2-3 அழிக்கும் நிலை. தலைகீழாக வைத்திருக்கிற போர்டும் இருக்கிறது, அச்சைப் படித்துவிட்டுச் செய்யுங்கள். பத்து எண்ணுகிற நேரம் மாற்றி வைத்துவிட்டுத் திரும்பப் பழைய இடத்துக்கே போட்டுவிட வேண்டும். அழிக்கும் நிலையிலேயே விட்டுவிட்டுப் பவர் கொடுப்பதுதான் நடக்கக் கூடாதது. பல போர்டுகள் அப்படியே செத்த மாதிரி கிடக்கும், சிலவற்றில் சேதமே ஆகலாம்.

இன்டெல் சொந்தமாகச் செய்த போர்டுகளில் கதை வேறு. அங்கேயும் மூன்று பின்தான், ஆனால் 2-3 என்பது அழிப்பதற்கில்லை, மெயின்டனன்ஸ் மெனுவைத் திறப்பதற்கு. அந்த நிலையில் வைத்து ஆன் செய்தால் செட்டப் தானாக வரும், பாஸ்வேர்டை அங்கிருந்து நீக்கலாம். தொப்பியை முழுசாக எடுத்துவிட்டால் ரெக்கவரி, அதாவது பயாஸ் கெட்டுப்போனால் ஃபிளாப்பியிலிருந்து மீட்கும் நிலை. மற்ற போர்டில் பழகின கையோடு இதில் இறங்கினால் "இன்டெல் போர்டு, தொப்பியைக் கழற்றினேன், டிஸ்ப்ளே போய்விட்டது" என்று வந்து நிற்க வேண்டியதுதான். தொப்பியை 1-2-இல் போடுங்கள், டிஸ்ப்ளே வந்துவிடும்.

தினமும் தேதி மாறிப்போகிறது, "செக்சம் எரர்" வருகிறது. ஜம்பர் கோளாறா?

இல்லை, பேட்டரி. சிஆர்2032, 3 வோல்ட், எந்தக் கடையிலும் கிடைக்கும். மீட்டர் வைத்துப் பாருங்கள், 2.6-க்கும் கீழே இருந்தால் மாற்றிவிடுங்கள். மாற்றியும் அதே கதை என்றால்தான், சீமாஸ் ஜம்பர் அழிக்கும் பக்கம் இருக்கிறதா என்று பார்ப்பது. 486, ஆரம்பகாலப் பென்டியம் போர்டுகள் பலவற்றில் காசு பேட்டரியே இருக்காது, கறுப்புக் கட்டியாக ஒரு டல்லாஸ் சிப் இருக்கும், பேட்டரி அதன் வயிற்றுக்குள். அதைவிட மோசம் பீப்பாய் வடிவ 3.6 வோல்ட் நிக்கல்-காட்மியம் பேட்டரி: கசிந்து சுற்றியிருக்கும் தடங்களையெல்லாம் தின்றுவிடும். அப்படி ஒன்றைக் கண்டால் போர்டு ஓடுகிறதோ இல்லையோ, முதலில் அதை வெட்டி எடுங்கள்.

பிராசஸர் ஜம்பர்களை எப்படி வைப்பது? அட்டவணை பார்த்தாலே தலை சுற்றுகிறது.

மூன்று விஷயம்தான் அங்கே இருக்கிறது: எஃப்எஸ்பி, மல்டிபிளையர், கோர் வோல்டேஜ் (சிப்பின் உட்பகுதிக்குப் போகிற வோல்ட்). எஃப்எஸ்பியை மல்டிபிளையரால் பெருக்கினால் பிராசஸர் வேகம். 66-ஐ (சரியாகச் சொன்னால் 66.67) 3.5-ஆல் பெருக்கினால் 233.

சாக்கெட் 7-இல்தான் மூன்றையும் நீங்களே வைக்க வேண்டியிருக்கும், அதில் உயிர் போகிற விஷயம் வோல்டேஜ் ஒன்றுதான். வேகத்தைத் தப்பாக வைத்தால் பூட் ஆகாது, திரும்ப மாற்றிக்கொள்ளலாம். வோல்டேஜைக் கூட்டி வைத்தால் சிப் கருகும். பழைய பென்டியம், எம்எம்எக்ஸ் இல்லாதது, 3.3 வோல்ட் சுற்றி ஓடும், போர்டிலும் பிராசஸருக்கு ஒரே வோல்டேஜ்தான். பென்டியம் எம்எம்எக்ஸில் கோருக்கு 2.8, வெளி இணைப்புக்கு 3.3 என்று இரண்டாகப் பிரிந்தது. ஏஎம்டி கே6 166-க்கும் 200-க்கும் 2.9, கே6 233-க்கு 3.2, கே6-2 பெரும்பாலும் 2.2. ஏஎம்டிக்காரன் ஒரு நல்ல காரியம் செய்திருக்கிறான், சிப்பின் தலையிலேயே கோர் வோல்டேஜை அச்சடித்திருப்பான். பழைய வெப்பப் பசையைத் துடைத்துவிட்டுப் படியுங்கள். அதில் 2.2 என்றிருந்து, போர்டு 2.8-க்குக் கீழே இறங்காது என்றால், அந்தப் போர்டில் அந்தப் பிராசஸர் வேண்டாம்.

மல்டிபிளையரில் ஒரு வினோதம் உண்டு. போர்டின் அட்டவணை 3 வரைக்கும்தான் போகும், ஆனால் உங்கள் கையில் 233 எம்எம்எக்ஸ், 3.5 வேண்டும். 1.5 என்று வையுங்கள். 1.5-க்கான சைகையை எம்எம்எக்ஸ் 3.5 என்றுதான் எடுத்துக்கொள்ளும். பின்னால் வந்த கே6-2 சிப்புகள் இதே மாதிரி 2-ஐ 6 என்று எடுத்துக்கொள்ளும். அதனால் 66 எஃப்எஸ்பி மட்டும் உள்ள பழைய போர்டில்கூட 400-ஐ எட்டலாம், வோல்டேஜ் இறங்கினால்.

பென்டியம் 2 காலத்தில் இந்தத் தலைவலி படிப்படியாகக் குறைந்தது. மல்டிபிளையரை இன்டெல் சிப்புக்குள்ளேயே பூட்டிவிட்டது, வோல்டேஜை சிப்பே தன் பின்கள் வழியாகப் போர்டுக்குச் சொல்லிவிடுகிறது. மிச்சம் எஃப்எஸ்பி ஒன்றுதான்.

பிராசஸர் 2500+ என்று வாங்கினேன், 1100 மெகாஹெர்ட்ஸ் என்று காட்டுகிறது. ஏமாற்றிவிட்டார்களா?

அநேகமாக இல்லை. அத்லான் எக்ஸ்பி 2500+ (பார்ட்டன்) என்பது 166-ஐ 11-ஆல் பெருக்கி வரும் 1833 மெகாஹெர்ட்ஸ். எஃப்எஸ்பி ஜம்பர் 100-இல் இருந்தாலோ, பேட்டரி போய் பயாஸ் பாதுகாப்பான 100-க்கு இறங்கியிருந்தாலோ, 11 நூறு 1100 ஆகிவிடும். விற்றவரிடம் சண்டைக்குப் போவதற்கு முன் ஜம்பரையும் பயாஸையும் 166-க்கு மாற்றிப் பாருங்கள். போர்டு 166 தருமா என்பதை ஸ்பெக்கில் பார்த்துக்கொண்டு, ராமும் அதற்கு ஈடான டிடிஆர் 333-தானா என்று சரிபார்த்துக்கொண்டு.

எஃப்எஸ்பி ஜம்பரைக் கூட்டி வைத்தால் வேகம் இலவசமாகக் கிடைக்குமாமே?

கிடைத்த காலம் ஒன்று இருந்தது. செலரான் 300ஏ-வை 440பிஎக்ஸ் சிப்செட் போர்டில் 66-லிருந்து 100-க்குத் தட்டிவிட்டால் 450-இல் ஓடும், உலகம் முழுக்க அதைச் செய்தார்கள். ஆனால் எஃப்எஸ்பியோடு சேர்ந்து பிசிஐ, ஏஜிபி எல்லாம் நகரும். பிஎக்ஸில் 133 வைத்தால் பிசிஐ சரியாக 33-இல் நிற்கும், ஏஜிபி 66-இல் ஓட வேண்டியது 89-க்குப் போய்விடும், எல்லா கார்டும் அதைத் தாங்காது. கடலூரில் மே மாதம் ஃபேன் காற்றே அனலாக வருகிறது, அதுவும் இருபது வருஷத்துக்கும் மேல் பழைய போர்டு. பில்லிங் மெஷினில் இந்த விளையாட்டு வேண்டவே வேண்டாம்.

பவர் பட்டன், எல்இடி ஒயர்கள் கழன்றுவிட்டன. எதை எங்கே போடுவது?

பட்டன்களுக்குப் பாசிட்டிவ், நெகட்டிவ் கிடையாது, எப்படிப் போட்டாலும் வேலை செய்யும். எல்இடிக்கு உண்டு, எரியவில்லை என்றால் திருப்பிப் போடுங்கள், கெட்டுப்போகாது. இன்டெல் ஆரம்பித்து வைத்துப் பலரும் பின்பற்றுகிற பத்துப் பின் வரிசையில் பத்தாவது பின் இருக்காது, அதை வைத்துத் திசை பிடிக்கலாம். 1-3 ஹார்ட் டிஸ்க் விளக்கு, 2-4 பவர் விளக்கு, 5-7 ரீசெட், 6-8 பவர் பட்டன். எல்லாப் போர்டும் இப்படி இல்லை. அவசரத்துக்கு, பவர் பட்டன் என்று உறுதியாகத் தெரிந்த இரண்டு பின்னை ஸ்க்ரூ டிரைவர் முனையால் ஒரு நொடி தொட்டால் மெஷின் ஆன் ஆகிவிடும், பட்டன் கெட்டதா போர்டு கெட்டதா என்பது அதிலேயே தெரிந்துவிடும்.

யுஎஸ்பி ஒயரைச் செருகுமுன் மட்டும் நின்று படியுங்கள். சில போர்டுகளில் பக்கத்திலேயே அச்சு அசலாக அதே வடிவத்தில் ஃபயர்வயர் வரிசை இருக்கும், அதில் வருவது 12 வோல்ட். அதில் யுஎஸ்பியை மாட்டினால் பென் டிரைவ் புகைந்துவிடும்.

வேறு கேபினெட்டுக்கு மாற்றினேன், அதிலிருந்து சவுண்டே வரவில்லை. சவுண்ட் சிப் போய்விட்டதா?

போர்டின் ஓரத்தில் முன்பக்க ஆடியோவுக்கான பத்துப் பின் வரிசை ஒன்று இருக்கும். ஏசி97 என்ற பழைய சவுண்ட் முறைக் காலத்துப் போர்டுகளில் பின்பக்க ஸ்பீக்கருக்குப் போகும் சத்தம் இந்த வரிசையைச் சுற்றிக்கொண்டுதான் போகும். முன்பக்க ஒயர் மாட்டாத போது 5-6, 9-10 இரண்டு ஜோடியிலும் தொப்பி இருந்தே ஆக வேண்டும். கேபினெட் மாற்றும்போது "இது என்ன சும்மா இருக்கிறது" என்று யாரோ கழற்றியிருப்பார்கள். திரும்பப் போடுங்கள், சத்தம் வந்துவிடும். சவுண்ட் கார்டு வாங்கச் சொல்கிறவரிடம் இதை முதலில் கேட்டுப் பாருங்கள்.

ஹார்ட் டிஸ்க் ஜம்பர் பற்றியும் சொல்லுங்கள்.

ஒரு ஐடிஇ கேபிளில் ஒரு மாஸ்டர் (முதல் டிஸ்க்), ஒரு ஸ்லேவ் (இரண்டாவது). இரண்டும் மாஸ்டர் என்றால் இரண்டும் தெரியாது. 80 கம்பி கேபிளில் நீல முனை போர்டுக்கு, கறுப்பு முனை மாஸ்டருக்கு, நடுவில் உள்ள சாம்பல் ஸ்லேவுக்கு. ஓரச் சிவப்புக் கோடு முதல் பின் பக்கம். வெஸ்டர்ன் டிஜிட்டல் டிஸ்க்கில் மட்டும் 'தனியாக' என்பதும் 'ஸ்லேவோடு சேர்ந்த மாஸ்டர்' என்பதும் வேறு வேறு நிலைகள், தனியாகப் போடுகிறவர்கள் தொப்பியை மாஸ்டரில் விட்டால் சில போர்டுகள் டிஸ்க்கைத் தேடிக்கொண்டே நிற்கும்.

40 ஜிபி, 80 ஜிபி டிஸ்க்கை 1998 வாக்கில் வந்த போர்டில் போட்டால், டிஸ்க்கைக் கண்டுபிடிக்கும் இடத்தில் அப்படியே உறைந்து நிற்பதும் உண்டு. அந்தக் கால அவார்டு பயாஸ் சிலவற்றுக்கு 32 ஜிபிக்கு மேல் எண்ணத் தெரியாது. பல டிஸ்க்குகளின் ஸ்டிக்கரில் '32 ஜிபி கிளிப்' என்றோ 'லிமிட் கெப்பாசிட்டி' என்றோ ஒரு ஜம்பர் நிலை போட்டிருக்கும், அதை வைத்தால் டிஸ்க் தன்னைச் சின்னதாகக் காட்டிக்கொள்ளும், பயாஸ் தாண்டிப் போய்விடும். இடம் வீணாகிறதே என்று வருத்தப்பட்டால் தயாரிப்பாளர் விட்ட கடைசி பயாஸைப் போடலாம், ஃபிளாஷ் செய்கிற நேரத்தில் யுபிஎஸ் கட்டாயம்.

கடற்கரைப் பக்கம் வீடு. போர்டு அடிக்கடி மக்கர் செய்கிறது, ஜம்பர் எல்லாம் சரியாகத்தான் இருக்கிறது.

சரியாக இருக்கிற மாதிரி தெரிகிறது, அவ்வளவுதான். தேவனாம்பட்டினம், முதுநகர், புதுச்சேரியில் வைத்திக்குப்பம் பக்கமெல்லாம் உப்புக்காற்று பின்னின் பளபளப்பைத் தின்று மங்கலாக்கிவிடும், தொப்பிக்குள் இருக்கும் தகடும் கறுத்துப்போகும். கண்ணுக்குப் போட்டிருக்கும், கரண்ட்டுக்கு ஓபன். தொப்பியை நாலைந்து தடவை கழற்றிக் கழற்றிப் போட்டால் உராய்ந்து தொடர்பு திரும்பும். தளர்ந்த தொப்பியை மாற்றிவிடுங்கள். ராமின் தங்கப் பட்டையைப் பள்ளிக்கூட ரப்பரால் தேய்த்து, தூளை ஊதிவிட்டுப் போடுங்கள். ஐசோபுரொப்பைல் ஆல்கஹால் கிடைத்தால் அதைவிட நல்லது. உப்புத்தாளால் தேய்க்கக் கூடாது, பூச்சு போய்விட்டால் அடுத்த மழைக்குள் துரு.

2011 தானே புயலிலும் 2015 வெள்ளத்திலும் 2024 ஃபெஞ்சல் மழையிலும் தண்ணீருக்குள் இருந்த போர்டுகள் இன்னும் சந்தைக்கு வந்துகொண்டிருக்கலாம். ஸ்லாட்டின் அடியில் சேறு கோடு கட்டியிருக்கிறதா, ஸ்க்ரூ துளை ஓரம் பச்சை பூத்திருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள். உங்கள் வீட்டுப் போர்டே நனைந்திருந்தால் பவர் கொடுத்துப் பார்க்காதீர்கள். முதலில் பேட்டரியை எடுங்கள், நல்ல தண்ணீரில், முடிந்தால் டிஸ்டில்டு வாட்டரில் அலசுங்கள், பிறகு ஆல்கஹால், பிறகு நாள் கணக்கில் காய விடுங்கள்.

கூடவே கெபாசிட்டர்களையும் பாருங்கள். 2000 சுற்றி வந்த போர்டுகளில் தரமில்லாத எலக்ட்ரோலைட் நிரப்பின கெபாசிட்டர்கள் ஏராளமாகப் புழங்கின. பிராசஸரைச் சுற்றி நிற்கும் அந்த உருளைகளின் தலை தட்டையாக இருக்க வேண்டும். உப்பியிருந்தாலோ, தலையில் போட்ட கீறல் வழியாகப் பழுப்பாகக் கசிந்திருந்தாலோ, எந்த ஜம்பரைத் தொட்டும் பிரயோஜனம் இல்லை. அதே மைக்ரோஃபாரட், அதே அல்லது அதிக வோல்ட், 105 டிகிரி, லோ ஈஎஸ்ஆர் (உள்தடை குறைந்த) ரகம் வாங்கி மாற்றினால் போர்டு பிழைக்கும். டிவி ரிப்பேர் செய்கிறவர்களே செய்து கொடுப்பார்கள்.

டிஸ்ப்ளே வரவில்லை. எங்கிருந்து ஆரம்பிப்பது?

எல்லாவற்றையும் கழற்றுங்கள். பிராசஸர், ஃபேன், ஒரே ஒரு ராம், டிஸ்ப்ளே கார்டு, குட்டி ஸ்பீக்கர், அவ்வளவுதான் இருக்க வேண்டும். அவார்டு பயாஸில் ஸ்பீக்கர் ஒரு நீள பீப்பும் இரண்டு குட்டி பீப்பும் அடித்தால் டிஸ்ப்ளே கார்டு, நீளமாக விட்டு விட்டு அடித்துக்கொண்டே இருந்தால் ராம். ஏஎம்ஐ பயாஸில் எட்டுக் குட்டி என்றால் டிஸ்ப்ளே. சத்தமே இல்லையென்றால், பென்டியம் 4 போர்டில் பிராசஸருக்குக் கிட்டே இருக்கும் நாலு பின் 12 வோல்ட் கனெக்டரைச் செருகியிருக்கிறீர்களா என்று முதலில் பாருங்கள், ஃபேன் சுற்றும், வேறு எதுவும் நடக்காது.

புது 24 பின் எஸ்எம்பிஎஸ்ஸைப் பழைய 20 பின் போர்டில் போடலாமா?

மாட்டலாம், கூடுதல் நாலு பின் பல எஸ்எம்பிஎஸ்ஸில் தனியாகக் கழன்று வரும். இரண்டு விஷயம் மட்டும். புது எஸ்எம்பிஎஸ்ஸில் மைனஸ் 5 வோல்ட் கிடையாது, சில பழைய ஐஎஸ்ஏ கார்டுகளுக்கு அது தேவை. அடுத்தது, நாலு பின் கனெக்டர் இல்லாத பழைய அத்லான் போர்டுகள் பல, பிராசஸருக்கான கரண்ட்டை 5 வோல்ட்டிலிருந்துதான் இழுக்கும். புதியவற்றில் பலம் எல்லாம் 12 வோல்ட்டில்தான். ஸ்டிக்கரில் 5 வோல்ட்டுக்கு எத்தனை ஆம்பியர் என்று பார்த்துவிட்டு வாங்குங்கள்.

ஏடிஎக்ஸுக்கும் முந்தைய ஏடி போர்டு என்றால் இரண்டு தனிக் கனெக்டர் வரும், இரண்டின் கறுப்பு ஒயர்களும் நடுவில் சேர வேண்டும். மாற்றிப் போட்டால் போர்டு முடிந்தது.

விண்டோஸ் 98 போடப் போகிறேன், ராம் எவ்வளவு?

256 எம்பி தாராளம். 512-க்கு மேல் போனால் 98-க்கு அஜீரணம், மெமரி போதவில்லை என்று அதுவே புலம்பும்.

தொப்பி தொலைந்துவிட்டது, எங்கே கிடைக்கும்?

தனியாகக் கேட்டால் கடையில் சிரிப்பார்கள். செத்த ஐடிஇ ஹார்ட் டிஸ்க், பழைய சிடி டிரைவ் இவற்றின் பின்பக்கத்தில் ஒன்றாவது இருக்கும், ஏதாவது சர்வீஸ் கடையில் கேட்டால் சும்மாவே கொடுப்பார்கள். ஈய ஒயரைச் சுற்றி ஷார்ட் செய்யும் வேலை மட்டும் வேண்டாம், பக்கத்துப் பின்னையும் தொட்டுவிடும்.